சீரிஸ் வேலையை ஏன் ஒப்புக்கொள்ளலாம்

அன்பு நண்பா,

உன் கடிதம் கிடைத்தது. அம்மாவுக்குக் கண் ஆபரேஷன் நல்லபடியாக முடிந்ததில் நிம்மதி. இங்கே எல்லோரும் நலம்.

சரி, நீ கேட்டதற்கு வருகிறேன். வெப் சீரிஸ் ஒன்றுக்குக் கேமரா செய்யக் கூப்பிட்டிருக்கிறார்கள், சினிமாவிலிருந்து ஒரு படி இறங்குவதுபோல் இருக்கிறது என்று புலம்பியிருந்தாய். நான் இப்போதுதான் 'ரிப்லி' தொடரைப் பார்த்து முடித்தேன். ஒளிப்பதிவு ராபர்ட் எல்ஸ்விட். அவர் எங்கிருந்து அங்கே வந்தார் என்று கொஞ்சம் பாரேன்.

ஆரம்பத்தில் அவர் விஷுவல் எஃபெக்ட்ஸ் பிரிவில் கேமரா வேலை பார்த்தவர். பிறகு இயக்குநர் பால் தாமஸ் ஆண்டர்சனின் முதல் படத்திலிருந்தே அவரோடு சேர்ந்துகொண்டார். ஆண்டர்சனின் 'தேர் வில் பி பிளட்' படத்துக்காக 2008-இல் ஆஸ்கர் வாங்கினார். அந்த வருஷம் போட்டியில் ஒளிப்பதிவாளர் ரோஜர் டீக்கின்ஸ் ஒருவரே இரண்டு படங்களோடு நின்றார். அதில் ஒன்று, 'நோ கன்ட்ரி ஃபார் ஓல்ட் மென்'. அதன் ஒரு பகுதியை எல்ஸ்விட் குழு இருந்த அதே டெக்சாஸ் மார்ஃபா பக்கம்தான் எடுத்தார்கள். இவர்கள் எண்ணெய்க் கோபுரத்துக்காகக் கிளப்பிய புகை அந்தப் பக்க ஃபிரேமுக்குள் போய், அவர்களின் அன்றைய ஷூட்டிங்கே நின்றுபோனதாம்! கடைசியில் விருதும் இந்தப் பக்கமே வந்தது.

எனக்கு அதைவிடப் பெரிதாகத் தெரிவது 2005. ஒரே வருஷத்தில் இரண்டு படங்கள். 'சிரியானா' வெயிலும் புழுதியுமாக வண்ணத்தில். 'குட் நைட், அண்ட் குட் லக்' புகைமூட்டமான டிவி ஸ்டுடியோவுக்குள் கறுப்பு வெள்ளையில். இரண்டாவதைக் கலர் ஃபிலிமில் எடுத்துவிட்டுப் பிறகுதான் நிறத்தை நீக்கினார்கள். இரண்டும் ஒரே ஆள் எடுத்தவை என்று சொன்னால்தான் தெரியும். அவருக்கென்று முத்திரை இல்லை என்று சிலர் குறை சொல்வார்கள். எனக்கு அதுதான் பிடித்திருக்கிறது.

இத்தனைக்கும் அவர் ஃபிலிம் சுருள் பிரியர். 'நைட்கிராலர்' படத்தில் இரவுக் காட்சிகளுக்கு டிஜிட்டலை எடுத்துக்கொண்டபோதும் பகலுக்கு ஃபிலிமை விடவில்லை. அப்படிப்பட்டவர் 'ரிப்லி'யை முழுக்க டிஜிட்டலில், மறுபடியும் கறுப்பு வெள்ளையில் எடுத்தார். இத்தாலியின் அத்ரானி ஊரின் படிக்கட்டுகளைக் கதாநாயகன் ரிப்லி மூச்சு வாங்க ஏறுவதைப் பார். சினிமாவாக இருந்தால் எடிட்டர் இரண்டு ஷாட்டில் முடித்திருப்பார். இங்கே ஒவ்வொரு படியிலும் நிழல் எங்கே விழுகிறது என்று பார்க்க நமக்கும் நேரம் இருக்கிறது. இருளும் ஒளியும் மோதும் கரவாஜியோவின் ஓவியங்கள் கதைக்குள்ளேயே வருகின்றன, வெளிச்சமும் அவற்றை ஒட்டியே போகிறது. 2024-இல் இந்த ஒளிப்பதிவுக்கு, டிவி உலகின் ஆஸ்கர் மாதிரியான எம்மி விருது கிடைத்தது.

ஒன்றைக் கவனி. எட்டு எபிசோடுக்கும் இயக்குநர் ஸ்டீவன் ஜெய்லியன் ஒருவர்தான், ஒளிப்பதிவும் எல்ஸ்விட் ஒருவர்தான். பல தொடர்களில் எபிசோடுக்கு எபிசோடு ஆள் மாறுவார்கள், முதலில் வந்தவர் போட்ட லைட்டிங்கை அடுத்தவர் பார்த்துச் செய்யவேண்டியதுதான். உன் விஷயத்தில் நான் கேட்பேன் என்றால் சம்பளத்துக்கு முன்னால் இதைத்தான் கேட்பேன்: முழுத் தொடரும் உன் கையிலா, இல்லை முதல் இரண்டு எபிசோடு மட்டுமா? அப்புறம், எடுத்து முடித்தபின் நிறத்தையும் வெளிச்சத்தையும் சரிசெய்யும் கலர் கரெக்‌ஷனில் உன்னை உட்கார வைப்பார்களா?

இவ்வளவு எழுதினாய், இயக்குநர் யார் என்று மட்டும் சொல்லவில்லையே?

அன்புடன்,
உன் நண்பன்