கடைமடைக்கும் காவிரிதான்

ஆசிரியருக்கு வணக்கம்.

போன இதழில் வந்த நாவல் மதிப்புரையைப் படித்ததிலிருந்து மனசு ஆறவில்லை. காவிரித் தண்ணீர் கடைசியாக வந்து சேரும் எங்கள் கடைமடையைப் பற்றி ஒரு இளைஞர் எழுதிய முதல் நாவல் அது. எழுதியவர் எனக்குச் சொந்தமும் இல்லை, பழக்கமும் இல்லை, காசு கொடுத்து வாங்கித்தான் படித்தேன்.

மதிப்புரையாளர் ஆரம்பிப்பதே தி. ஜானகிராமனில். படித்துறை இல்லையாம், சங்கீதம் இல்லையாம், ஆகவே காவிரி மணமே இல்லையாம். சார், ஜானகிராமனின் மோகமுள் நாவல் கும்பகோணத்துக் கதை. இந்த நாவல் திருத்துறைப்பூண்டிக்குத் தெற்கே நடக்கிறது. ஜூன் 12ல் மேட்டூர் அணையைத் திறந்தார்கள் என்று டிவியில் பூத்தூவிக் காட்டுவார்கள், நாங்கள் இங்கே புழுதியில் விதைத்துவிட்டு வாய்க்காலை ஒரு கண்ணும் வானத்தை ஒரு கண்ணுமாகப் பார்த்துக்கொண்டிருப்போம். இதில் படித்துறைக்கு எங்கே போவது?

அரசு நெல் கொள்முதல் நிலையக் காட்சி ரொம்ப நீளம், ஆவணப்படம் மாதிரி இருக்கிறது என்கிறார். எனக்கு அந்தப் பக்கங்கள்தான் நாவலே. குவித்த நெல்லைத் தார்ப்பாய் போட்டு மூடிவிட்டு அந்த அம்மாள் பனியில் அங்கேயே படுத்துக் கிடக்கிறாள், காலையில் ஈரப்பதம் 17 சதவீதத்துக்கு மேல் என்று மிஷின் காட்டுகிறது, திரும்பக் காயவை என்கிறார்கள், அவள் ஒன்றும் பேசாமல் ஒரு நெல்லை எடுத்துப் பல்லில் வைத்துக் கடிக்கிறாள். டக்கென்று உடைகிறது. அவ்வளவுதான், அத்தியாயம் முடிகிறது. மிஷினை நம்புவதா பல்லை நம்புவதா என்று நானும் தை மாசத்தில் அதே மாதிரி நின்றிருக்கிறேன், புத்தகத்தை மூடிவைத்துவிட்டுக் கொஞ்ச நேரம் திண்ணையில் உட்கார்ந்திருந்தேன்.

அதற்காக நாவலில் குறையே இல்லை என்று சொல்ல வரவில்லை. பொன்மணி நெல்லைக் குறுகிய காலப் பயிரான குறுவையில் நட்டுப் புரட்டாசியில் அறுக்கிறார்கள்! 150 நாளுக்கு மேல் வயசுள்ள சம்பா ரகம் ஐயா அது. மொழி, வடிவம் என்று அரைப் பக்கம் குறை சொன்னவர் கண்ணில் இது படவே இல்லை. கஜா புயலையும் நாவலாசிரியர் மூன்றே பக்கத்தில் ஓட்டிவிட்டார். 2018 நவம்பர் 16, நடுராத்திரிக்கு மேல் தென்னை ஒவ்வொன்றாகச் சாய்ந்த சத்தத்தைக் கேட்டவர்களுக்கு அது போதாது.

அப்புறம், முதல் நாவலிலேயே எல்லாவற்றையும் கொட்டிவிட்டார் என்று மதிப்புரையில் ஒரு வரி. தமிழின் முதல் நாவலே மாயவரத்தில் முன்சீப்பாக இருந்த வேதநாயகம் பிள்ளை எழுதியதுதானே, 1879ல் அச்சில் வந்தது. பிரதாப முதலியார் சரித்திரத்தில் கதையை நிறுத்திவைத்துவிட்டுப் புத்திமதி சொல்கிற இடங்கள் எத்தனை! முதல் நாவல் என்றால் கொஞ்சம் அப்படித்தான் இருக்கும்போல, விட்டுவிடலாம்.

மதிப்புரையாளரை அறுவடை சமயத்தில் ஒருநாள் இந்தப் பக்கம் அனுப்பிவையுங்கள். டிகிரி காபி கிடைக்காது, டீ உண்டு.

வாசகர்,
திருத்துறைப்பூண்டி.