கும்பகர்ணன் எழுதுவது

அன்புள்ள மாதவா,

இங்கே எல்லோரும் நலம். அங்கும் அப்படியே என்று எடுத்துக்கொள்கிறேன்.

இரவுப் பணி மேற்பார்வையாளர் வேலைக்கு விண்ணப்பித்திருந்தேன் அல்லவா? ஒரு விவரம் கேட்க அந்த மேலாளரை அழைத்தேன். எடுத்ததும் அவர் கேட்ட முதல் கேள்வி: “கும்பகர்ணன் என்பது உங்கள் பெயரா?” அழைப்பவர் பெயரைக் காட்டும் செயலி ஒன்றை வைத்திருக்கிறாராம். விடுதியோடு ஒழிந்தது என்று நினைத்த பெயர்! நீயும் வரதனும் இன்னும் அப்படித்தானே என்னைப் பதிந்து வைத்திருக்கிறீர்கள்?

அந்தச் செயலியை நான் தொட்டதே இல்லை. தொடர்புகளைப் பார்க்கலாமா என்று அது உன்னைக் கேட்டிருக்கும். நீயும் படிக்காமல் சம்மதம் தட்டியிருப்பாய். பட்டியல் மொத்தமும் யாருடைய கணினிக்கோ போய்விட்டது. “ஒளிக்க என்னிடம் என்ன இருக்கிறது” என்பாயே, உன்னுடையது ஒன்றும் இல்லைதான். எங்களுடையது இருக்கிறதே, மகராசா!

பேஸ்புக்கில் இருந்தவர்களின் விவரங்களைத் தேர்தல் பிரசாரத்துக்காக எடுத்துக்கொண்ட கேம்பிரிட்ஜ் அனலிட்டிகா நிறுவனத்தின் விவகாரம் 2018இல் வெடித்தபோது நீ கொட்டாவி விட்டாய். அந்த விவரங்களைத் திரட்டிய ஆளுமை வினாடி வினாச் செயலியை நிறுவியவர்கள் ஏறத்தாழ 2.7 லட்சம் பேர். விவரம் பறிபோனவர்கள் 8.7 கோடிப் பேர் வரை இருக்கலாம் என்று பேஸ்புக்கே சொன்னது. நிறுவியவரின் நண்பர்களைப் பற்றியும் செயலிகள் அள்ளிக்கொள்ள அங்கே அப்போது வழி இருந்தது. மற்றவர்கள் செய்த குற்றம், உன்னைப் போன்ற ஒருவனோடு நட்பாக இருந்ததுதான்.

கேலி போதும். தங்கை யாருக்குப் பயந்து எண்ணை மாற்றினாள் என்பது உனக்குத் தெரியும். புதிய எண் மிகச் சிலரிடம்தான் இருக்கிறது. நீ ஒருவன். அவனுடைய எண்ணையும் நீ இன்னும் அழித்திருக்க மாட்டாய். இரண்டும் ஒரே பட்டியலில் இருக்க, அவள் அந்த எண்ணில் எங்காவது ஒரு கணக்குத் தொடங்கினால், “இவரை உங்களுக்குத் தெரிந்திருக்கலாம்” என்று அவள் படத்தை அவன் முன்னே நீட்ட எத்தனை நேரம் ஆகும்? இதை நினைத்தால் எனக்குத் தூக்கம் வருவதில்லை. வேண்டுமானால் நீ சிரித்துக்கொள்.

உடனே அமைப்புகளுக்குப் போய், தொடர்புகளைப் படிக்கும் அனுமதியை எல்லாச் செயலிகளிடமிருந்தும் பிடுங்கு. செயலியை அழித்தால் மட்டும் போதாது. ஏற்கெனவே ஏற்றிய பட்டியல் அவர்களிடம் தங்கிவிடக்கூடும். அதை நீக்கச் சொல்லத் தனியாக ஓரிடம் இருக்கும், தேடு. தங்கையின் எண்ணைக் காகிதத்தில் எழுதிக்கொண்டு கைப்பேசியிலிருந்து எடுத்துவிடு. முடித்ததும் எனக்கு எழுது. வரதனிடம் நானே பேசிக்கொள்கிறேன். உன்னைப் போல் அவன் வாதாட மாட்டான்.

அன்புடன்,
ரகு