ஆற்றில் குஞ்சு விடும் முன்

அன்பு நண்பா,

உன் கடிதம் கிடைத்தது. வீட்டில் எல்லோரும் சுகம் என்று படித்ததில் நிம்மதி. இங்கேயும் குறையில்லை. மேடு ஏறும்போது முழங்கால் மட்டும் கொஞ்சம் படுத்துகிறது.

உங்கள் ஆற்றில் மீன் அற்றுப்போய்விட்டதென்று, பண்ணையிலிருந்து மஹ்சீர் என்கிற பெரிய ஆற்று மீனின் குஞ்சு வாங்கி விடப்போகிறார்கள் என்று எழுதியிருந்தாய். முடிந்தால் அதைத் தள்ளிப்போடச் சொல். உங்கள் ஆறும் காவிரியில்தான் போய்ச் சேர்கிறது. காவிரிக்கு ஒருமுறை நடந்தது போதும்.

மஹ்சீரில் ஓர் இனமான திமில் மஹ்சீர் காவிரியிலும் அதன் துணையாறுகளிலும் தவிர உலகில் வேறெங்கும் கிடையாது. 1946-ல் காவிரியின் துணையாறான கபினியில் தூண்டிலில் சிக்கிய ஒன்று 54 கிலோ இருந்தது. அந்த அளவு மீனின் ஒரு செதிலே உள்ளங்கையை மூடிவிடும். 1970களில், ஆற்றில் மீன் பெருகட்டும் என்ற நல்ல எண்ணத்தில், மகாராஷ்டிரத்து லோனாவாலா பண்ணையில் வளர்த்த நீலத்துடுப்பு மஹ்சீர் குஞ்சுகளைக் கொண்டுவந்து விட்டார்கள். அது வேறு இனம். வந்த மீன் பெருகியது, சொந்த மீன் ஒதுங்கியது. தூண்டில்காரர்களுக்கு மஹ்சீர் கிடைத்துக்கொண்டே இருந்ததால் உள்ளே நடந்த மாற்றம் வெகுகாலம் யாருக்கும் உறைக்கவில்லை. இதில் இன்னொரு கொடுமை, திமில் மஹ்சீர் எந்த இனம் என்று அறிவியல் முறைப்படி உறுதியானதே 2018-ல்தான். காவிரிப் படுகையைச் சேர்ந்த பம்பாற்றிலிருந்து டோர் ரெமாதேவி என்ற அறிவியல் பெயரில் ஏற்கெனவே விவரிக்கப்பட்டிருந்த மீனும் இதுவும் ஒன்றுதான் என்று தெரிந்தது. அதே ஆண்டு, அற்றுப்போகும் விளிம்பில் உள்ள இனமாக, அழிவை எதிர்நோக்கும் உயிரினங்களுக்கான உலகச் சிவப்புப் பட்டியலில் சேர்த்தார்கள். இப்போது அதற்கு மிஞ்சியிருக்கும் முக்கியப் புகலிடம் நீலகிரிப் பக்கத்து மோயாறு.

குஞ்சு விடுவது கண்ணுக்குத் தெரிகிற வேலை, படமும் எடுக்கலாம். ஆனால் மீன் ஏன் குறைந்தது என்று கேட்காமல் குஞ்சை விட்டு என்ன பயன்? மழைக்காலத்தில் மஹ்சீர் மேலே ஏறிப்போய்க் கூழாங்கல் படுகையில் முட்டையிடும். குறுக்கே தடுப்பணை இருந்தால் அங்கேயே நின்றுவிடும். தப்பித்தவறி மேலே போனாலும், சரிவில் காட்டை வெட்டிய மண் வந்து கல்லிடுக்கை அடைத்துவிட்டால் முட்டைக்கு ஆக்சிஜன் போகாது. அப்புறம் மீன் பிடிக்கத் தண்ணீரில் வெடிக்கிற தோட்டா, கலக்குகிற பிளீச்சிங் பவுடர். ஒரே கலக்கலில் பெரிய மீன், பொடி மீன், நண்டு, தவளை எல்லாம் சேர்ந்து மிதக்கும்.

போன வாரம் ஓடையோரப் பாறை ஒன்றில் நீர்நாய் எச்சம் பார்த்தேன். குச்சியால் கிளறினால் முழுக்க மீன் செதிலும் நண்டு ஓடும்தான். எனக்கு அவ்வளவு சந்தோஷம். அது தினமும் வயிறு நிரப்புகிற இடத்தில் மீன் இன்னும் இருக்கிறது என்றுதானே அர்த்தம்!

சிருங்கேரியில் துங்கை ஆற்றுப் படித்துறை மீன்களை நீயும் பார்த்திருக்கிறாய். யாரும் பிடிப்பதில்லை, அதனால் இருக்கின்றன. உங்கள் ஆற்றிலும் கோடையில் வற்றாத கசம் ஒன்றிரண்டு இருக்குமே, அங்கே வலை, தோட்டா, விஷம் எதுவும் கூடாது என்று ஊர்க்கூட்டத்தில் முடிவெடுக்கச் சொல். பண்ணைக்குக் கொடுக்கிற பணத்தில் காவலுக்கு ஆள் போடலாம். குஞ்சு விட்டே தீரவேண்டும் என்றால், அது என்ன இனம், தாய்மீன் எந்த ஆற்றுடையது என்று எழுத்தில் கேட்டு வாங்கு. பதில் வந்ததும் எனக்கும் ஒரு நகல் அனுப்பு. கூட்டம் என்றைக்கு என்று சொல், நானும் வருகிறேன்.

அன்புடன்,
உன் பழைய கூட்டாளி