கொலைக்குப் பின்தான் கதை

ஐயா, செவ்வியல் நாவல்கள் தொலைக்காட்சித் தொடராவது குறித்த ஞாயிறு இணைப்புக் கட்டுரை, பிரெஞ்சு எழுத்தாளர் எமிலி ஜோலாவின் 'தெரேஸ் ரக்கேன்' (1867) நாவலைக் கள்ளக்காதல் கதை என ஒரே வரியில் முடித்துவிட்டது. மொத்தம் 32 அத்தியாயங்கள். தெரேஸின் காதலன் லொரான், அவள் கணவன் கமீலைப் படகிலிருந்து சேன் நதியில் தள்ளி மூழ்கடிப்பது 11ஆம் அத்தியாயத்திலேயே. மீதியெல்லாம் குற்ற உணர்வுதான். சாகும்போது கமீல் கடித்த தழும்பு லொரானின் கழுத்தில் எரிந்துகொண்டே இருக்கிறது. கொலையை அறிந்துவிட்ட, வாதத்தில் முடங்கிய கமீலின் தாய், டோமினோ ஆடும் மேசையின் மெழுகுத்துணியில் விரலால் எழுதுகிறாள்: 'தெரேசும் லொரானும்...' அதற்குள் கை துவண்டுவிடுகிறது. 'என்னை நன்றாகக் கவனித்துக்கொள்கிறார்கள்' என்று விருந்தாளிகளே வாக்கியத்தை முடித்துவைக்கிறார்கள்!

பிபிசி 1980இல் இதை மூன்று பகுதிகளாக எடுத்தது. இனி எடுப்பவர்கள் படகுக் காட்சியை முதல் பகுதிக்குள் முடித்து, அந்த விரலைப் பின்னணி இசையின்றி, வெட்டாமல் காட்டலாம்.