கோரிக்கை மனு: பெண் துப்புரவுப் பணியாளர்களுக்கு மட்டும் மின்தூக்கி மறுக்கப்படுவது குறித்து மூன்றாவது முறையாக

அனுப்புநர்:
துப்புரவுப் பெண் பணியாளர்கள் 19 பேர்,
ஜார்ஜ்டவுன், பினாங்கு.
(பெயர்களும் கையொப்பங்களும் தனி இணைப்பில்)

பெறுநர்:
தொழிலாளர் நலன் கவனிக்கும் உயர் அதிகாரி அவர்கள்,
பினாங்கு.

நாள்: 18.8.2025

பார்வை: 7.4.2025, 26.5.2025 ஆகிய தேதிகளிட்ட எங்கள் முந்தைய மனுக்கள்

மதிப்பிற்குரிய ஐயா,

வணக்கம். ஜார்ஜ்டவுனில் கடற்கரைச் சாலையை ஒட்டியுள்ள பதினெட்டு மாடி அலுவலகக் கட்டடம் ஒன்றில், குத்தகை (ஒப்பந்த) நிறுவனம் ஒன்றின் கீழ்த் துப்புரவு வேலை செய்துவரும் பெண்கள் நாங்கள். கட்டடத்தின் பெயரும் நிறுவனத்தின் பெயரும் முந்தைய இரண்டு மனுக்களிலும் உள்ளன. இம்மனுவின் இணைப்பிலும் தந்திருக்கிறோம். தாங்கள் அந்த வட்டாரத்தை நன்கு அறிந்தவர் என்பதால் வழி விவரம் சொல்ல வேண்டியதில்லை. நாங்கள் நுழையும் வாசல் மட்டும் தங்களுக்குத் தெரிந்திருக்காது. அது பின்புறச் சந்தில், குப்பைத் தொட்டிகள் நிற்கும் இடத்தை அடுத்து இருக்கிறது. எங்களில் பெரும்பாலோர் ஆயர் ஈத்தாம், ஜெலுத்தோங் அடுக்குமாடி வீடுகளிலிருந்து வருகிறோம். ஆறு பேர் பட்டர்வொர்த்திலிருந்து ஃபெரியில் வருகிறார்கள்.

முதல் மனுவை நேரில் கொடுத்து முத்திரை பெற்றோம். இரண்டாவதைப் பதிவு அஞ்சலில் அனுப்பினோம். ஜூன் மாதத்தில் இருவர் அரை நாள் சம்பளத்தை இழந்து நேரில் வந்து விசாரித்தபோது, கோப்பு மேலே போயிருப்பதாகச் சொன்னார்கள். அதன் பிறகு இன்றுவரை, பெற்றுக்கொண்டோம் என்ற ஒரு வரிக் கடிதம்கூட எங்களுக்கு வரவில்லை. தங்களுக்கு வேலைப்பளு அதிகம் என்பதை அறிவோம். ஆனாலும் ஜூலை மாதம் நடந்ததற்குப் பிறகு எங்களால் காத்திருக்க முடியவில்லை என்பதால் இம்மூன்றாவது மனுவைப் பணிவுடன் சமர்ப்பிக்கிறோம். பொருள் திரிந்துவிடக் கூடாது என்பதற்காக எங்களுக்கு நன்றாக வரும் மொழியிலேயே எழுதியிருக்கிறோம். மலாய் மொழிபெயர்ப்பும் இணைக்கப்பட்டுள்ளது.

1. சம்பளம். எங்கள் நிறுவனத்தில் தரை மெருகேற்றும் இயந்திரத்தை இயக்க ஆண்கள் நால்வர் இருக்கிறார்கள். அவர்களுக்கு மாதம் 1,950 வெள்ளி (மலேசிய ரிங்கிட்). எங்களுக்கு 1,700 வெள்ளி, அதாவது 2025 பிப்ரவரி 1 முதல் நடப்புக்கு வந்த குறைந்தபட்சச் சம்பளம். அதற்கு மேல் ஒரு காசு இல்லை. அந்த இயந்திரத்தைக் கற்றுக்கொள்ள எங்களில் ஐந்து பேர் பெயர் கொடுத்தோம். பெண்களுக்கு அது ஒத்துவராது என்று மேற்பார்வையாளர் (நாங்கள் மண்டோர் என்போம்) ஒரே சொல்லில் முடித்துவிட்டார். அந்த நால்வரில் ஒருவர் சேர்ந்து எட்டு மாதம் ஆகிறது. எங்களில் மூத்தவர் அதே கட்டடத்தில் 17 ஆண்டுகளாக இருக்கிறார்.

2. சேவைக்காலம். குத்தகை கைமாறும்போதெல்லாம் நாங்கள் அதே வாளி, அதே துடைப்பத்தோடு அதே மாடியில் நிற்கிறோம். காகிதத்தில் மட்டும் புதியவர்களாகிவிடுகிறோம். ஐந்தாண்டுகளுக்கு மேல் வேலை செய்தவருக்கு 1955ஆம் ஆண்டு தொழிலாளர் சட்டப்படி ஆண்டுக்கு 22 நாள் மருத்துவ விடுப்பு உண்டு. எங்களுக்கு, 17 ஆண்டு உழைத்தவர் உட்பட எல்லோருக்கும், முதலாண்டுக்காரருக்குரிய 14 நாள்தான். முழங்கால் வீங்கிக் கிடப்பவருக்கு அந்த எட்டு நாள் வித்தியாசம் எவ்வளவு பெரியது என்பது அடுத்த அம்சத்தில் விளங்கும்.

3. மின்தூக்கி. ஐயா, இந்த மனுவே இதற்காகத்தான்.

கட்டடத்தில் பயணிகளுக்கு நான்கு மின்தூக்கிகளும், சரக்குக்கு ஒன்றும் உள்ளன. நாங்கள் எப்போதும் சரக்கு மின்தூக்கியையே பயன்படுத்தி வந்தோம். அதைப் பற்றி எந்நாளும் குறை சொன்னதில்லை. சீனப் புத்தாண்டு முடிந்த சில நாள்களில், பிப்ரவரி நடுவில், அது பழுதாகி நின்றது. ஏப்ரலில் பழுதுபார்த்து மூன்று வாரம் ஓடியது, மீண்டும் நின்றது. இன்றுவரை நிற்கிறது. மார்ச் மாதம் எங்கள் உடைமாற்றும் அறைக் கதவில் ஓர் அறிவிப்பு ஒட்டப்பட்டது. துப்புரவுப் பெண் பணியாளர்கள் பயணிகள் மின்தூக்கியைப் பயன்படுத்தக் கூடாது, மீறினால் மாத வருகைப் படியான 100 வெள்ளி பிடிக்கப்படும் என்று அதில் எழுதி, குத்தகை நிறுவனத்தின் மேற்பார்வையாளர் கையொப்பமிட்டிருக்கிறார். அதன் புகைப்படத்தை இணைத்திருக்கிறோம். 'பெண்' என்ற சொல் அதில் எழுத்தில் இருக்கிறது. இயந்திரம் ஓட்டும் ஆண்கள் நால்வரும் அதே நிறுவனத்தின் ஆட்கள், அதே பச்சைச் சட்டை அணிபவர்கள். அவர்கள் இயந்திரத்தோடு பயணிகள் மின்தூக்கியில்தான் போகிறார்கள். இயந்திரம் இல்லாத நேரத்திலும் போகிறார்கள். காவலாளிகள் போகிறார்கள். உணவுப் பொட்டலம் கொண்டுவரும் பையன்கள் போகிறார்கள். பூந்தொட்டிகளுக்கு நீர் ஊற்ற வாரம் ஒருமுறை வருபவர் போகிறார். எங்களுக்குத்தான் படி.

ஒரு மாடிக்கு 22 படிகள், எண்ணிப் பார்த்தோம். இம்மனுவை எழுதும் எனக்கு ஒதுக்கப்பட்டது பன்னிரண்டு முதல் பதினான்காவது மாடி வரை. கீழ்த்தளத்திலிருந்து பதினான்காவது மாடிக்கு 308 படிகள். காலையில் ஒரு முறை, குப்பை இறக்க இரண்டு முறை, சாப்பாட்டுக்கு ஒரு முறை என நான்கு முறை ஏறி இறங்கினால் நாளொன்றுக்கு 2,464 படிகள் ஆகின்றன. துப்புரவு மருந்துப் புட்டிகளும் கழிவறைத் தாள்களும் அடித்தளச் சாமான் அறையில்தான் இருக்கின்றன. எதை மறந்தாலும் மறுபடி இறங்க வேண்டும். சட்டம் தரும் அரை மணி நேர ஓய்வில் இறங்கவும் ஏறவும் போக மிஞ்சுவது சோற்றை விழுங்கத்தான் போதுமாக இருக்கிறது என்பதால், இப்போது எங்களில் பலர் கீழே வருவதையே விட்டுவிட்டோம். படித்திருப்பத்தில் அட்டைப் பெட்டியைப் பிரித்துப் போட்டு அங்கேயே உட்கார்ந்து சாப்பிடுகிறோம். அங்கே காற்றோட்டம் இல்லை. கை கழுவ வழியில்லை. புட்டித் தண்ணீரைச் சிறிதாக ஊற்றி, வழிந்ததைத் துணியால் ஒற்றி எடுக்கிறோம்.

இன்னொன்றையும் தாங்கள் அறிய வேண்டும். அந்தப் படிக்கட்டுக் கதவுகள் படிக்கட்டுப் பக்கத்திலிருந்து தள்ளினால் திறக்காது. மாடிக்குள் மறுபடி நுழைய அட்டை வேண்டும். ஆண்கள் நால்வருக்கும் அட்டை இருக்கிறது. எங்களில் ஒருவரிடமும் இல்லை. காலையில் காவலாளி கதவைத் திறந்துவிடுகிறார். பிறகு ஏறி வந்தால் யாராவது திறக்கும்வரை தட்டிக்கொண்டு நிற்க வேண்டும். உள்ளே கைப்பேசி இணைப்பும் கிடைப்பதில்லை.

ஜூலை 9, புதன்கிழமை. எங்களோடு வேலை செய்யும் அக்கா ஒருவர், வயது 56, நீரிழிவு நோயாளி, பதினோராவது மாடிக் குப்பையோடு காலை 11.20க்குப் படியிறங்கினார். பன்னிரண்டு மணிக்குச் சாப்பாட்டுக்கு வர வேண்டியவர் வரவில்லை. 12.05க்கு நான் மேலிருந்து இறங்கித் தேடிப் போனேன். பத்தாவது மாடிக்கும் ஒன்பதாவது மாடிக்கும் இடையே, சுவரில் தலையைச் சாய்த்து உட்கார்ந்திருந்தார். சட்டை முழுதும் வியர்வையில் நனைந்து, உதடு வெளுத்துப் போயிருந்தது. குப்பைப் பை கிழிந்து, யாரோ பாதி குடித்துப் போட்ட காப்பி ஆறேழு படிகளுக்கு வழிந்திருந்தது. பத்தாவது மாடிக் கதவைக் கையால் தட்டியிருக்கிறார், யாருக்கும் கேட்கவில்லை. தலைசுற்றலோடு உட்கார்ந்தவர், தோளில் கிடந்த துண்டை எடுத்து அந்தக் காப்பியைத் துடைக்கத் தொடங்கியிருக்கிறார். மூன்று படிகளைத் துடைத்து முடித்திருந்தார். நான் தோளைத் தொட்டபோது முதலில் சொன்னது, "மிச்சத்தை நான் துடைச்சிடறேன்மா, மண்டோர்கிட்ட சொல்லிடாதே" என்பதுதான்.

நான் ஒன்பதாவது மாடிக் கதவைச் செருப்பைக் கழற்றி அடித்தேன். அலுவலகப் பெண் ஒருவர் திறந்தார். அவருக்கு என்றும் நன்றியுடையோம். மின்தூக்கிக்கு முன்னால் அக்காவை நாற்காலியில் உட்கார வைத்து, அந்தப் பெண் இனிப்புத் தேநீர் கொண்டுவந்து கொடுத்தார். அங்கே நின்ற காவலாளி, பெண் பணியாளரை மின்தூக்கியில் ஏற்றலாமா என்று எங்கள் மேற்பார்வையாளருக்குப் பேசிக் கேட்டார். பதில் வர ஏழு நிமிடம் ஆயிற்று. ஐயா, அந்த ஏழு நிமிடமும் மின்தூக்கி எங்கள் கண்ணெதிரே இரண்டு முறை திறந்து மூடியது, உள்ளே ஆளே இல்லை. மயங்கிக் கிடக்கும் ஒரு மனுஷியை ஏற்ற யாரிடம் அனுமதி கேட்க வேண்டும்? தங்கள் வீட்டுப் பெண் அந்த நாற்காலியில் இருந்தால் தாங்கள் ஏழு நிமிடம் காத்திருப்பீர்களா? கேட்பதற்கு மன்னிக்க வேண்டும். ஆனால் கேட்காமல் இருக்க முடியவில்லை.

கிளினிக்கில் சர்க்கரை அளவு மிகவும் இறங்கியிருப்பதாகச் சொல்லி இரண்டு நாள் எம்.சி. (மருத்துவ விடுப்புச் சான்று) கொடுத்தார்கள். அத்துடன் அவருடைய 14 நாள் விடுப்பும் முடிந்தது. மற்ற நாள்கள் ஏற்கெனவே முழங்காலுக்காக எடுத்தவை. அந்த மாதம் வருகைப் படி 100 வெள்ளியும் பிடிக்கப்பட்டது. இப்போதும் அவர் வேலைக்கு வருகிறார். இப்போதும் படியில்தான் ஏறுகிறார். ஒவ்வொரு மாடித் திருப்பத்திலும் கைப்பிடியைப் பிடித்து நின்று, இருமிக் காட்டுவார். ஒரு மாடி கீழே இருப்பவர் அதற்குப் பதில் இருமுவார். யாரும் எங்கும் விழுந்துவிடவில்லை என்று தெரிந்துகொள்ள நாங்கள் வைத்திருக்கும் ஏற்பாடு அதுதான்.

4. தீபாவளி விடுப்பு பற்றியும், ஏசும் மொழி பற்றியும் முதல் மனுவில் எழுதியிருந்தோம். அவற்றை இப்போது வற்புறுத்தவில்லை. முதலில் படிக்கட்டு தீரட்டும்.

5. தங்கள் முகப்பிடத்தில் எங்களுக்குச் சொல்லப்பட்டவை இரண்டு. மின்தூக்கி கட்டட நிர்வாகத்தின் விஷயம் என்பது ஒன்று. பாகுபாடு என்ற சொல்லுக்குச் சட்டத்தில் விளக்கம் இல்லை என்பது மற்றொன்று. இரண்டையும் நாங்கள் யோசித்துப் பார்த்தோம். கட்டட நிர்வாகத்தைக் கேட்டால் நிர்வாகம் எந்தத் தடையும் போடவில்லை, அது குத்தகையாளரின் விதி என்கிறார்கள். அறிவிப்பில் இருக்கும் கையொப்பமும் குத்தகையாளருடையதே. எனவே இது முதலாளிக்கும் தொழிலாளிக்கும் இடையிலான பிரச்சினை. 2023 ஜனவரி 1 முதல் நடப்பிலுள்ள தொழிலாளர் சட்டத் திருத்தத்தின் 69எஃப் பிரிவு, வேலையிடத்தில் பாகுபாடு குறித்து முதலாளிக்கும் தொழிலாளிக்கும் எழும் தகராறை விசாரித்து உத்தரவிடும் அதிகாரத்தைத் தொழிலாளர் துறைத் தலைமை இயக்குநருக்குத் தந்திருக்கிறது. அவ்வுத்தரவை மீறும் முதலாளிக்கு 50,000 வெள்ளி வரை அபராதம் விதிக்கலாம். சொல்லுக்கு விளக்கம் எழுதப்படவில்லை என்பது உண்மையாகவே இருக்கட்டும். ஒரே முதலாளியிடம், ஒரே கட்டடத்தில், ஒரே சட்டையில் வேலை செய்வோரில் ஆணுக்கு மின்தூக்கி, பெண்ணுக்குப் படி என்று எழுதி ஒட்டிய காகிதம் கையில் இருக்கும்போது, இன்னும் என்ன விளக்கம் வேண்டும்? பாதுகாப்பைக் கவனிக்கும் துறைக்குப் போங்கள் என்றால் அங்கும் போகத் தயார். ஆனால் ஒரு முகப்பிலிருந்து இன்னொரு முகப்புக்குப் போவதற்கும் எங்களுக்கு அரை நாள் சம்பளம் போகிறது.

6. பெயர் வெளியே தெரிந்தால் வேலை போய்விடும் என்று பயந்து நான்கு பெண்கள் இதில் கையெழுத்திடவில்லை. அவர்களும் அதே படியில்தான் ஏறுகிறார்கள்.

ஆகவே, தாங்கள் கருணை கூர்ந்து, மார்ச் மாத அறிவிப்பை உடனே அகற்ற உத்தரவிடுமாறும், சரக்கு மின்தூக்கி சீராகும்வரை எங்களைப் பயணிகள் மின்தூக்கியில் அனுமதிக்கச் செய்யுமாறும், படிக்கட்டுக் கதவு அட்டைகளை எங்களுக்கும் வழங்கச் செய்யுமாறும், எங்கள் அக்காவிடம் பிடித்த 100 வெள்ளியைத் திரும்பப் பெற்றுத் தருமாறும் கேட்டுக்கொள்கிறோம். சம்பளமும் சேவைக்காலமும் விசாரணை வேண்டுபவை. அவற்றுக்குக் காலமாகும் என்பதை அறிவோம், காத்திருக்கிறோம். மின்தூக்கிக்குக் காலம் வேண்டியதில்லை, ஐயா. ஒரு காகிதத்தைக் கிழிக்க வேண்டும், அவ்வளவே. அதைக் கிழித்துத் தாருங்கள் என்றுதான் மூன்றாவது முறையாகக் கேட்கிறோம்.

விசாரணைக்கு வரும் நாளை நிறுவனத்துக்கு முன்கூட்டியே தெரிவிக்க வேண்டாம் என்று மன்றாடுகிறோம். மே மாதம் கட்டட உரிமையாளர் தரப்பினர் பார்வையிட வந்தபோது, அந்த ஒரு நாள் மட்டும் அறிவிப்பு கழற்றப்பட்டு, மறுநாள் காலை அதே நான்கு ஆணித் துளைகளில் திரும்ப மாட்டப்பட்டது. காலை 6.45க்குப் பின்புறச் சந்து வாசலுக்கு வாருங்கள். நாங்கள் அங்கே கையெழுத்திட்டுவிட்டு வாளிகளை எடுத்துக்கொண்டு ஏறத் தொடங்கும் நேரம் அது. எங்களோடு பதினான்காவது மாடி வரை ஒருமுறை படியில் வாருங்கள், ஐயா. நாங்கள் மெதுவாகத்தான் ஏறுவோம்.

இப்படிக்கு,
தங்கள் உண்மையுள்ள,
துப்புரவுப் பெண் பணியாளர்கள் 19 பேர் சார்பில்,
பன்னிரண்டு முதல் பதினான்காவது மாடி வரைப் பணியாளர்

இணைப்பு: பெயர்ப் பட்டியலும் கையொப்பங்களும் (நிறுவனத்திடம் காட்ட வேண்டாம்), அறிவிப்பின் புகைப்படம், எம்.சி. நகல், ஜூலை மாதச் சம்பளச் சீட்டு, முந்தைய இரு மனுக்களின் நகல்கள், மலாய் மொழிபெயர்ப்பு.