'அவர்' எப்படி 'அவள்' ஆனார்? ஆண்டு மலர்க் குழுவுக்கு ஒரு திறந்த மடல்

தமிழ்ப் பள்ளி ஆண்டு மலர்க் குழுவினருக்கு,

வணக்கம். விஷயம் உங்களுக்குத் தெரியும். வாட்ஸப்பில் மூன்று நாள் ஓடியது. நிலை ஆறில் படிக்கும் என் மகள், கறுப்பின மக்களின் உரிமைக்காக வாதாடிய அமெரிக்க நீதிபதி கான்ஸ்டன்ஸ் பேக்கர் மோட்லியைப் பற்றிக் கட்டுரை எழுதிக் கொடுத்தாள். அதில் 'அவர்' என்று இருந்ததெல்லாம் மலரில் 'அவள்' என்று வந்திருக்கிறது. விரல் வைத்து எண்ணினேன், பதினேழு இடம். 'வாதாடினார்' போய் 'வாதாடினாள்'. அதே பக்கத்தில் அவரோடு பணியாற்றிய வழக்கறிஞர் தர்குட் மார்ஷல் 'அவர்'. கல்லூரியில் இடம் கேட்டு வழக்குப் போட்ட, மோட்லி வாதாடிக் கொடுத்த மாணவர் ஜேம்ஸ் மெரிடித்தும் 'அவர்'. செனட்டர் ஈஸ்ட்லண்டுக்குப் பிள்ளை வெறும் பெயரைத்தான் எழுதியிருந்தாள்; நீங்களே பெரிய மனது பண்ணி 'அவர்கள்' சேர்த்திருக்கிறீர்கள்.

அந்த ஈஸ்ட்லண்ட் 'அவர்கள்' யார் என்பது கட்டுரையிலேயே இருக்கிறது. 1966 ஜனவரியில் அதிபர் ஜான்சன் மோட்லியைக் கூட்டாட்சி நீதிபதியாக முன்மொழிந்தபோது, செனட்டின் நீதித்துறைக் குழுத் தலைவராக இருந்துகொண்டு, கம்யூனிஸ்ட் என்று பழி போட்டு, ஏழு மாதம் இழுத்தடித்த மிசிசிப்பிக்காரர். ஆகஸ்ட் கடைசியில்தான் ஒப்புதல் கிடைத்தது. அமெரிக்காவின் முதல் கறுப்பினப் பெண் கூட்டாட்சி நீதிபதி அவர். நம் மலரில் தடுத்தவருக்கு 'அவர்கள்', தடையைத் தாண்டியவருக்கு 'அவள்'.

"இலக்கணப்படி பெண்பால் ஒருமைக்கு அவள்தானே?" என்று குழுவிலிருந்து பதில் வந்தது. ஆண்பால் ஒருமைக்கு 'அவன்' என்பதும் இலக்கணம்தான். 'மார்ஷல் வாதாடினான்' என்று ஏன் திருத்தவில்லை? உயர்வினும் சிறப்பினும் பால் மாறலாம் என்று நன்னூலே இடம் கொடுக்கிறது. பவணந்தியார் கொடுத்த இடத்தை மலர்க் குழு கொடுக்கவில்லை.

ஓர் எழுத்துக்காக இவ்வளவு சண்டையா என்று கேட்கிறீர்கள். இதே ஓர் எழுத்துக்காக இந்த நாட்டின் உச்ச நீதிமன்றம் வரை போயிருக்கிறார்கள். 1963இல் அலபாமாவின் கேட்ஸ்டன் நகர நீதிமன்றத்தில் மேரி ஹாமில்டன் என்ற சிவில் உரிமைப் போராளி சாட்சிக் கூண்டில் நின்றார். வெள்ளைக்காரச் சாட்சிகளை மிஸ்டர், மிஸஸ் என்பதும், கறுப்பர் என்றால் எந்த வயதானாலும் வெறும் பெயரைச் சொல்வதும் அந்த ஊர் வழக்கம். அரசு வக்கீல் 'மேரி' என்றார். 'மிஸ் ஹாமில்டன்' என்று சரியாகக் கூப்பிடுங்கள், அதுவரை பதில் இல்லை என்று அவர் நின்றுவிட்டார். நீதிமன்ற அவமதிப்பு என்று ஐந்து நாள் சிறை, ஐம்பது டாலர் அபராதம். கறுப்பின மக்களின் உரிமைக்காக வழக்காடும், மோட்லி பணியாற்றிய என்.ஏ.ஏ.சி.பி. சட்டப் பாதுகாப்பு நிதி அமைப்புதான் வழக்கை மேலே கொண்டுபோனது. 1964இல் உச்ச நீதிமன்றம் அந்தத் தண்டனையை ரத்து செய்தது.

மோட்லிக்கும் இதே மரியாதைதான் கிடைத்தது. மிசிசிப்பியின் ஜாக்சன் நகரப் பத்திரிகை ஒன்று, 'மிஸஸ்' போட மனம் வராமல், 'அந்த மோட்லி பெண்பிள்ளை' என்ற தோரணையில் எழுதியது. பகலில் நீதிமன்றத்தில் இது. ராத்திரி தங்க ஹோட்டலில் இடம் கிடையாது. அலபாமாவின் பர்மிங்ஹாமில் வழக்கறிஞர் ஆர்தர் ஷோர்ஸ் வீட்டில் தங்கினார், வெளியே துப்பாக்கியோடு ஆட்கள் காவல் இருக்க. மெரிடித் வழக்குக்காக மிசிசிப்பியில் சிவில் உரிமைத் தலைவர் மெட்கர் எவர்ஸின் காரில் மோட்லி போகும்போது போலீஸ் பின்தொடர்ந்தது. கையிலிருந்த குறிப்பேட்டைச் செய்தித்தாளுக்குள் மறைத்துக்கொள்ளுங்கள், திரும்பிப் பார்க்காதீர்கள் என்றார் எவர்ஸ். 1963 ஜூனில் எவர்ஸை அவர் வீட்டு வாசலிலேயே சுட்டுக் கொன்றார்கள்.

குறிப்பேட்டை மறைத்த இந்தப் பகுதியைத்தான் 'பக்கப் பற்றாக்குறை' என்று வெட்டியிருக்கிறீர்கள். வீட்டுத் தரகர் விளம்பரத்துக்கு முழுப் பக்கம் கிடைத்தது, அதுவும் கலரில். போகட்டும், விளம்பரம் இல்லாமல் மலர் வராது என்று எனக்கும் தெரியும். ஆனால் 'அவர்' என்று போட எந்தப் பக்கமும் கூடுதலாகத் தேவையில்லை. 'ள்'ளை விட 'ர்' இடம் குறைவாகத்தான் பிடிக்கும்.

என் கோரிக்கை இதுதான்: பதினேழு இடத்திலும் 'அவர்' என்று திருத்துங்கள்.

பேச்சு வந்ததால் கேட்டுவிடுகிறேன். "நம்மாளு யாரும் கிடைக்கலையா?" என்று விழாவில் ஒருவர் பிள்ளையிடமே கேட்டார். 1965 வரை இந்த நாட்டில் குடியேற இந்தியாவுக்கு இருந்த ஒதுக்கீடு வருஷத்துக்கு நூறு பேர். சிவில் உரிமைச் சட்டம் வந்த மறு வருஷம், அதே அலையில்தான் அந்தக் குடியேற்றச் சட்டமும் மாறியது. அந்த வாசல் வழியாக வந்து இறங்கிய நாம், வீடு பார்க்கப் போகும்போது, கறுப்பர் வாழும் பகுதி என்றால் "அது அவனுங்க ஏரியா" என்கிறோம். இதை நான் சொல்லியிருக்கக் கூடாதோ என்னவோ. மலரின் சொற்களுக்குத்தான் நீங்கள் பொறுப்பு, ஊர் வாய்க்கு இல்லை. கோபத்தில் எங்கேயோ போய்விட்டேன், மன்னியுங்கள்.

பிள்ளைக்கு மோட்லியை ஏன் பிடித்தது என்று கேட்டீர்களா? இவர் நியூ ஹேவனில் பிறந்தவர், நம் பள்ளியிலிருந்து காரில் போகும் தூரம். கரீபியன் கடலின் நெவிஸ் தீவிலிருந்து வந்த பெற்றோருக்குப் பன்னிரண்டு பிள்ளைகளில் ஒன்பதாவது. அப்பா யேல் பல்கலைக்கழக மாணவர்களுக்குச் சமையல்காரர். 1963இல் இனப் பாகுபாட்டை எதிர்த்துப் போராடியதற்காக பர்மிங்ஹாமில் ஆயிரத்துக்கும் மேற்பட்ட மாணவர்களைப் பள்ளியை விட்டு நீக்கியபோது, மோட்லி மேல்முறையீடு செய்து, கையோடு திரும்பச் சேர்க்க உத்தரவு வாங்கினார். "எங்க ஸ்கூலை விடப் பெரிய கூட்டம்மா" என்று பிள்ளை வாயைப் பிளந்தது அந்த இடத்தில்தான். உச்ச நீதிமன்றத்தில் பத்து வழக்கில் ஒன்பதை வென்றதெல்லாம் அவளுக்கு அப்புறம்தான்.

ஆகவே பணிவோடு மறுபடி கேட்கிறேன். இணையப் பிரதியில் 'அவர்' என்று மாற்றுங்கள். அச்சுப் பிரதிகளில் ஒரு திருத்தச் சீட்டு ஒட்ட அனுமதி கொடுங்கள். சீட்டை நானே அச்சடித்து வெட்டி, சனிக்கிழமை வகுப்பு முடிந்ததும் பசையோடு வந்து உட்காருகிறேன். தன் பிரதியில் பதினேழையும் பிள்ளை பேனாவால் திருத்திவிட்டாள். ஊரில் பாட்டிக்கு அனுப்ப வேண்டிய பிரதி மட்டும் மேசை மேலேயே கிடக்கிறது.

இப்படிக்கு,
நிலை ஆறு மாணவி ஒருத்தியின் தாய்