மேல்தளத்திலிருந்து அப்பா எழுதும் கடிதம்

ஈசூன், சிங்கப்பூர்
ஞாயிறு இரவு

அன்பு மகள் மலர்விழிக்கு,

நீ அனுப்பிய இரண்டு சுற்றுலாப் பேருந்து டிக்கெட்டுகளையும் நேற்று பயன்படுத்திவிட்டோம். வீடு திரும்பியதும் அழைக்கலாம் என்று கைப்பேசியை எடுத்தேன். வெலிங்டனில் அப்போது நள்ளிரவு தாண்டியிருக்கும் என்று அம்மா தடுத்துவிட்டாள். நல்லதாகப் போயிற்று. போனில் பேசியிருந்தால் "நன்றாக இருந்ததம்மா" என்று ஒரு வரியில் முடித்திருப்பேன். எனக்கு நிறையச் சொல்ல வேண்டியிருக்கிறது.

டிக்கெட் வந்த அன்று உள்ளூர எனக்குக் கொஞ்சம் வருத்தம்தான், மறைக்கவில்லை. முப்பத்து நான்கு வருடம் இந்த ஊரில் பேருந்து ஓட்டியவனுக்கு ஊரைச் சுற்றிக்காட்டும் பேருந்தா என்று நினைத்தேன். 147-ஆம் எண் பேருந்தில் சிராங்கூன் சாலையை எத்தனை ஆயிரம் முறை கடந்திருப்பேன்! எனக்குத் தெரியாத மேடு பள்ளம் அங்கே என்ன இருக்கிறது என்று அம்மாவிடம் சொன்னேன். "பிள்ளை ஆசையாக அனுப்பியிருக்கிறாள், பேசாமல் சட்டையை மாற்றுங்கள்" என்றாள்.

சன்டெக் சிட்டியில் ஏறினோம். ஒரு நாள் டிக்கெட். எந்த நிறுத்தத்திலும் இறங்கலாம், பார்த்துவிட்டு அடுத்து வரும் வண்டியில் ஏறிக்கொள்ளலாம். மேல்தளத்தில் முன்பாதிக்குக் கூரை உண்டு, பின்பாதி திறந்தவெளி. அம்மாவுக்கு முழங்கால் வலி என்பதால் கீழேயே உட்காரலாம் என்றேன். அவள் என்னைத் திரும்பிக்கூடப் பார்க்காமல் கைப்பிடியைப் பற்றிக்கொண்டு மேலே ஏறிப்போய்த் திறந்த பக்கத்தில் இடது ஓர இருக்கையைப் பிடித்துவிட்டாள்.

வண்டி கிளம்பியது. எனக்கு முதலில் கால்தான் பதறியது. முன்னால் ஒரு டாக்சி நிற்க, என் வலது கால் இல்லாத பிரேக்கை மிதித்தது. இரண்டு மூன்று நிறுத்தங்கள் வரை அப்படித்தான் இருந்தது. பிறகு சாலையோரத் தூங்குமூஞ்சி மரங்களுக்கு அடியில் வண்டி புகுந்தது. இரண்டு பக்கக் கிளைகளும் தலைக்கு மேலே கூடி நின்றன. கிளைகளின் முதுகில் பெரணிச் செடிகள் தொட்டில் கட்டியதுபோல் உட்கார்ந்திருந்தன. இரட்டைத்தட்டு வண்டி ஓட்டிய காலத்தில் எனக்கு அந்தக் கிளைகள் கூரையில் உரசிவிடக் கூடாதே என்ற கவலை மட்டும்தான். அவற்றில் இத்தனை பச்சை இருப்பதை நான் பார்த்ததே இல்லை.

அம்மா கேட்டாள்: "இதையெல்லாமா நீங்கள் தினமும் பார்த்துக்கொண்டு போனீர்கள்?"

நான் பார்க்கவில்லை, மலர். ஓட்டுநர் இருக்கையில் உட்கார்ந்தவனுக்கு ஊர் என்றால் முன்வண்டியின் சிவப்பு விளக்கு, இடப்பக்கக் கண்ணாடியில் தெரியும் நடைபாதை விளிம்பு, நிறுத்தத்தில் கை நீட்டும் ஆள், கதவு, மணி, நேர அட்டவணை, அவ்வளவுதான். நான் சேர்ந்தது 1983-இல். நடத்துநர்களை எடுத்துவிட்டு ஓட்டுநர் ஒருவரே வண்டியைப் பார்த்துக்கொள்ளும் முறை வந்துகொண்டிருந்த காலம். பெட்டியில் காசு விழும் சத்தத்தை வைத்தே சரியாகப் போட்டாரா என்று கணக்கிடப் பழகியிருந்தேன். அந்தக் காது எனக்கு இருந்தது. கண்ணை வேறெங்கும் விட முடியவில்லை.

எல்ஜின் பாலத்தைக் கடந்தபோது சிங்கப்பூர் ஆற்றையே பார்த்துக்கொண்டிருந்தேன். நார்த் பிரிட்ஜ் சாலை, சவுத் பிரிட்ஜ் சாலை என்ற பெயர்களே இந்தப் பாலத்தால் வந்தவை. நான் வேலையில் சேர்ந்த அதே வருடம்தான் சரக்குப் படகுகளை ஆற்றிலிருந்து பாசிர் பாஞ்சாங்குக்கு அனுப்பினார்கள். அப்போதெல்லாம் பாலம் நெருங்கும்போதே பயணிகள் மூக்கைப் பொத்திக்கொள்வார்கள். 1977-இல் தொடங்கிய துப்புரவுப் பணி 1987-இல் முடிந்தது. அதற்குப் பிறகும் எத்தனையோ வருடம் அதே பாலத்தில் ஓட்டியிருக்கிறேன், எந்த நாளில் வாடை நின்றது என்று கேட்டால் எனக்குச் சொல்லத் தெரியாது. இப்போது அந்த ஆறு போய்ச் சேரும் மரினா பேயில் கடல்நீர் இல்லை. 2008-இல் தடுப்பணை கட்டி அதை நன்னீர்த் தேக்கமாக்கிவிட்டார்கள். உன் தாத்தா உப்புக்காற்றில் மூட்டை இறக்கிய பக்கம் அது.

சிங்கத்தலையும் மீன் உடலும் கொண்ட மெர்லயன் சிலை, மூன்று கோபுரங்களுக்கு மேல் கப்பலை ஏற்றிவைத்ததுபோன்ற அந்த ஹோட்டல், ராட்டினம் எல்லாம் பார்த்தோம். அழகுதான். நீயும் பார்த்தவைதான்.

காதுக்கருவியைப் பற்றி எழுத வேண்டும். இருக்கையில் செருகிக்கொண்டு மொழியைத் தேர்ந்தெடுத்தால் இடங்களைப் பற்றிச் சொல்லும். பட்டியலில் தமிழைத் தேடினேன். இல்லை. இரண்டு முறை பார்த்தேன், அம்மாவையும் பார்க்கச் சொன்னேன். நம்முடைய நான்கு அதிகாரத்துவ மொழிகளில் ஒன்று. எஸ்பிளனேட் அரங்கின் பெயர்ப்பலகையில் இருக்கும் மொழி, விமான நிலையத்தில் இருக்கும் மொழி. எனக்கு மனம் வலித்தது. சரி என்று ஆங்கிலத்தில் போட்டுக்கொண்டேன். கடைத்தொகுதிகளைப் பற்றி வாய் ஓயாமல் சொன்ன அந்தக் குரல், சவுத் பிரிட்ஜ் சாலையில் மாரியம்மன் கோபுரம் கண்ணுக்கு நேரே வந்து நின்றபோது, ஊரின் மிகப் பழைய இந்துக் கோயில் என்று ஒரு வரி சொல்லிவிட்டு அடுத்ததற்குப் போய்விட்டது.

கருவியைக் கழற்றி வைத்துவிட்டு மணியை அழுத்தி இறங்கிவிட்டோம்.

மேல்தளத்தில் உட்கார்ந்தால் கோபுரத்தின் சிலைகளை அண்ணாந்து பார்க்க வேண்டியதில்லை, முகத்தோடு முகம் பார்க்கலாம். அங்கே ஒரு பசு சிலை எங்கோ யோசித்தபடி படுத்திருக்கிறது. 1827-இல் மரத்தாலும் அத்தாப்பு ஓலைக் கூரையாலும் தொடங்கிய கோயில். முன்னின்று எழுப்பியவர் நாராயண பிள்ளை. பினாங்கில் அரசாங்க எழுத்தராக இருந்தவர். 1819-இல், இங்கே பிரிட்டிஷ் குடியேற்றத்தைத் தொடங்கிய ராஃபிள்ஸ் இரண்டாம் முறை இங்கே வந்த கப்பலில் உடன் வந்து இறங்கினார். வந்த இடத்தில் வீடு கட்டக் கல்லில்லை என்று கண்டு செங்கல் சூளை போட்டார். இந்த ஊரின் முதல் கட்டுமானக் குத்தகைக்காரர் நம் ஆள், கண்ணு! பக்கத்துத் தெரு பகோடா தெரு, அடுத்தது டெம்பிள் தெரு. இரண்டுக்கும் பெயர் கொடுத்தது இந்தக் கோயில்தான். கொஞ்சம் தள்ளி மாஸ்க் தெரு. அந்தப் பெயர் சோழமண்டலக் கரையிலிருந்து வந்த நம் தமிழ் முஸ்லிம்கள் 1826-இல் ஏற்படுத்திய ஜாமிஆ சூலியா பள்ளிவாசலால் வந்தது. சைனாடவுனின் நடுத்தெருக்கள் நம் கோயிலாலும் பள்ளிவாசலாலும் பெயர் பெற்றிருக்கின்றன. அந்தப் பெயர்களை நிறுத்தப் பலகையில் மட்டுமே படித்துவந்தவன் நான்.

அங்கிருந்து வெயிலோடு நடந்து தெலுக் ஆயர் தெருவுக்குப் போனோம். பத்து நிமிடம்கூட ஆகவில்லை. ஒரு காலத்தில் அந்தத் தெருவே கடற்கரை. படகிலிருந்து இறங்கியவர்கள் உயிரோடு வந்து சேர்ந்ததற்கு நன்றி சொல்லக் கரையிலேயே கட்டிய இடங்கள் வரிசையாக இருக்கின்றன. சீனர்களின் தியான் ஹோக் கெங் கோயில், இந்தப் பக்கம் 1820களின் கடைசியில் தொடங்கிய நாகூர் தர்கா. தர்காவின் சின்ன மினாரைப் பார்த்ததும் அம்மா சேலைத் தலைப்பைத் தலைக்கு மேல் இழுத்துவிட்டுக்கொண்டாள். அவள் தாயார் நாகூர் பக்கம் என்பது உனக்குத் தெரியும். கடலைத் தூர்த்துத் தூர்த்துக் கரையை எவ்வளவோ தள்ளிவிட்டார்கள். நான் சின்னப் பையனாக இருந்தபோது ஏறக்குறைய 580 சதுர கிலோமீட்டராக இருந்த தீவு இன்று 730-ஐத் தாண்டிவிட்டது. அலை வந்து மோதிய இடத்தில் நின்றுகொண்டு வங்கிக் கட்டடங்களைப் பார்த்தோம்.

மறுபடி ஏறி, பாடாங் பக்கம் இறங்கினோம். முதலில் செயின்ட் ஆண்ட்ரூஸ் தேவாலயம். வெள்ளைவெளேரென்று நிற்குமே, நீ பள்ளிக்குப் போகும்போது பேருந்து ஜன்னலில் பார்த்திருப்பாய். உள்ளே இருந்த தொண்டூழியர் ஒருவர் சொன்னது எனக்குப் புதிது. அதைக் கட்டியவர்கள் இந்தியாவிலிருந்து நாடுகடத்திக் கொண்டுவரப்பட்ட கைதிகள். 1825 முதல் 1873 வரை அவர்களை இங்கே வேலை வாங்கியிருக்கிறார்கள். அதிபரின் அதிகாரபூர்வ மாளிகையான இஸ்தானாவைக் கட்டியதும் அவர்கள் கைதான். தேவாலயச் சுவருக்குப் பூசியது சென்னைச் சுண்ணாம்புச் சாந்து. சுண்ணாம்போடு முட்டை வெள்ளைக்கருவும் சர்க்கரையும் சேர்த்து, தேங்காய் மட்டை ஊறிய தண்ணீர் விட்டுக் குழைத்து, காய்ந்தபின் கல்லால் தேய்த்துத் தேய்த்து மெருகேற்றுவார்களாம். அம்மா சுவரில் உள்ளங்கையை வைத்துப் பார்த்தாள். அவர்கள் ஊருக்குத் திரும்பிப் போனார்களா என்று கேட்டாள். சிலர் விடுதலையாகி இங்கேயே தங்கிவிட்டார்கள் என்றார் அந்தத் தொண்டூழியர். அப்படித் தங்கியவர்களின் பேரப்பிள்ளைகள் என் வண்டியில் எத்தனை பேர் ஏறியிருப்பார்கள் என்று யோசித்துக்கொண்டே வெளியே வந்தேன்.

பாடாங் புல்வெளியில் வெகுநேரம் நின்றேன். உன் தாத்தா பல முறை சொல்லியிருக்கிறார். நீ அப்போது சின்னப் பிள்ளை, நினைவிருக்காது. 1943 ஜூலையில் நேதாஜி அங்கே இந்திய தேசிய இராணுவத்தைப் பார்வையிட்டு, "டில்லி சலோ" என்று முழங்கியபோது, துறைமுக வேலையை முடித்துக்கொண்டு ஓடிப்போய்க் கூட்டத்தின் கடைசியில் நின்றாராம். பேச்சு ஒரு சொல்லும் விளங்கவில்லை, ஆனால் பக்கத்தில் நின்ற ஆள் அழுததைப் பார்த்துத் தானும் அழுததாகச் சொல்வார். எதிரே எஸ்பிளனேட் பூங்காவில் இராணுவத்தின் நினைவுச்சின்னம் இருந்த இடத்தைக் குறித்து ஒரு கல் வைத்திருக்கிறார்கள். பழைய சின்னத்தை 1945-இல் திரும்பி வந்த பிரிட்டிஷார் தகர்த்துவிட்டார்கள். கல்லில் தமிழும் இருக்கிறது. காலையில் அந்தப் பட்டியலில் தேடிக் காணாத எழுத்து. விரலால் தடவிப் படித்தேன்.

இவ்வளவும் எழுதுவதற்குக் காரணம் இருக்கிறது.

நீயும் தம்பியும் சின்னவர்களாக இருந்தபோது, ஞாயிற்றுக்கிழமை என்றால் மற்ற பிள்ளைகளை அவர்களின் அப்பாக்கள் எங்காவது கூட்டிப்போவார்கள். நான் ஓட்டப் போய்விடுவேன். பொது விடுமுறை நாளில் ஓட்டினால் கூடுதல் சம்பளம். வீட்டுக் கடன் இருந்தது, உன் படிப்பு இருந்தது. ஒரு தீபாவளிக்குப் பன்னிரண்டு வயதில் நீ என் வண்டியிலேயே ஏறி, முனையிலிருந்து முனைவரை முன் இருக்கையில் உட்கார்ந்து வந்தாய். என்னோடு இருப்பதற்காக வந்திருக்கிறாய் என்று எனக்கு அன்றே தெரியும். ஓட்டும்போது பேசக் கூடாது என்று சொல்லிவிட்டேன். நீ ஒரு சொல்லும் பேசாமல் வந்தாய். நேற்று மேல்தளத்தில் காற்று முகத்தில் அடித்தபோது அந்த நாள்தான் திரும்பத் திரும்ப வந்தது. எனக்குத் தைப்பூசம் என்றாலே சிராங்கூன் சாலையில் பாதை மாற்றம், தாமதம், அவ்வளவுதான். பெருமாள் கோயிலிலிருந்து டேங்க் ரோடு தண்டாயுதபாணி சன்னிதிவரை உங்கள் கையைப் பிடித்துக்கொண்டு காவடிக்குப் பின்னால் ஒரு முறைகூட நான் நடந்ததில்லை. என்னை மன்னித்துவிடு அம்மா.

லிட்டில் இந்தியாவில் தேக்கா வந்தபோது மழை பிடித்துக்கொண்டது. ஞெகிழிச் சட்டை கொடுத்தார்கள். எல்லோரும் கூரைக்கடியில் ஓட, அம்மா மட்டும் நகரவில்லை. எதிரே கலர் கலராக மழையில் நனைந்த கடைவீடுகளையும் குடை விரித்த பூக்கடைகளையும் பார்த்துக்கொண்டே நனைந்தாள். இறங்கித் தேக்கா அங்காடியில் ஆளுக்கொரு தே தாரிக், அதுதான் இழுத்து ஆற்றிய பால்தேநீர், குடித்தோம். அந்த அங்காடி 1982-இல் திறந்தது. திருமணமான புதிதில் அங்கேதான் அவளுக்குக் கண்ணாடி வளையல் வாங்கிக்கொடுத்தேன். நேற்றும் வாங்கிக்கொண்டாள்.

உங்கள் ஊரில் பேருந்திலிருந்து இறங்கும்போது எல்லோரும் ஓட்டுநருக்கு நன்றி சொல்வார்கள் என்று எழுதியிருந்தாயே. சன்டெக்கில் இறங்கும்போது முன்பக்கம் போய், நம் வண்டியின் ஓட்டுநரிடம் நானும் சொன்னேன். சீனர், இளைஞர். "அங்கிள், நீங்களும் ஓட்டுநரா?" என்று கேட்டார். எப்படித் தெரிந்தது என்றேன். கண்ணாடியில் பார்த்தாராம், ஒவ்வொரு வளைவிலும் என் தலை அவருக்கு முன்பே திரும்பியதாம்.

டிசம்பரில் வருவதாகச் சொன்னாய். டிசம்பரில் இங்கே பருவமழை, அதுவும் பெரும்பாலும் பிற்பகலில் கொட்டும். ஆகவே காலை முதல் வண்டியையே பிடிப்போம். எல்லா நிறுத்தத்திலும் இறங்க வேண்டாம், அலைச்சல்தான் மிஞ்சும். மூன்று போதும்: மாரியம்மன் கோயில், பாடாங், தேக்கா. பாப்பாவுக்குக் காது மூடும் தொப்பி கொண்டுவா, மேலே காற்று அதிகம். மாப்பிள்ளைக்கு விடுப்பு கிடைக்குமென்றால் தைப்பூசம்வரை இருக்கும்படி டிக்கெட் போடச் சொல். இந்த முறை நான் கேள்வி கேட்பேன், நீ பேசிக்கொண்டே வர வேண்டும்.

அம்மா வளையலைப் படம் எடுத்து உனக்கு அனுப்பச் சொல்கிறாள். நாளைக் காலை அனுப்புகிறேன்.

அன்புடன்,
அப்பா